மட்டாஞ்சேரி காப்பிரி முத்தப்பன்

மட்டாஞ்சேரி மங்காட்டுமுக்கில் சாலையோரம் ஒரு சின்ன மேடை. சிலை கிடையாது. மெழுகுவத்தி ஏற்றுவார்கள், சுருட்டு, கள்ளு, முட்டை, புட்டு, இறைச்சி படைப்பார்கள். கும்பிட எல்லா மதத்தவரும் வருவார்கள். சுடலைமாடனுக்குச் சுருட்டு வைத்துப் பழகிய நமக்கு இதெல்லாம் புதிதில்லை. ஆனால் இந்தச் சாமி ஆப்பிரிக்காவிலிருந்து கடல் வழியாக வந்தவர். பெயர் காப்பிரி முத்தப்பன்.

'காஃபிர்' என்ற அரபிச் சொல்தான் போர்ச்சுகீசியர் வாய்க்குள் போய் ஆப்பிரிக்கரைக் குறிக்கும் பெயராகி, நமக்குக் காப்பிரி ஆனது. இலங்கையில் புத்தளம் பக்கம் வாழும் ஆப்பிரிக்க வம்சாவளியினருக்கும் இதே பெயர்தான். முத்தப்பன் என்றால் பாட்டன். அடிமையைப் பாட்டனாக்கிக் கொண்ட ஊர் இது!

கதை இதுதான். 1663 ஜனவரியில் டச்சுக்காரர்கள் கொச்சிக் கோட்டையைப் பிடித்தார்கள். தப்பி ஓடுமுன் போர்ச்சுகீசியர் பொன்னையும் பொருளையும் குழிதோண்டிப் புதைத்தார்களாம். காவலுக்கு ஓர் அடிமையையும் கொன்று கூடவே புதைத்தார்களாம். அந்த ஆவி இன்றும் ராத்திரியில் மதில்மேல் உட்கார்ந்து சுருட்டுப் பிடிக்கும், வழி தவறியவர்களுக்கு வழி காட்டும் என்கிறார்கள். அத்தனை கொடுமை பட்டும் யாரையும் அடிக்காத ஆவி! வங்கிக்காரனான எனக்கு லாக்கர்தான் ஞாபகம் வருகிறது. சம்பளமும் இல்லை, ஓய்வும் இல்லை, காவல் மட்டும் உண்டு :-)

புதையல் கதையாக இருக்கலாம். ஆனால் மொசாம்பிக் கரையிலிருந்து போர்ச்சுகீசியர் மனிதர்களை இந்தியத் துறைமுகங்களுக்கு ஏற்றிவந்தது சரித்திரம். கணக்குப் புத்தகத்தில் அவர்கள் சரக்கு. மிளகு போல, துணி போல.

சரி, டச்சுக்காரர்கள் வந்ததும் விடிவு பிறந்ததா? இல்லை. அதே கொச்சித் துறைமுகத்திலிருந்து நம் பக்கத்து ஆட்களைத் தென்னாப்பிரிக்காவின் கேப் வரை அடிமைகளாக அனுப்பினார்கள். கிழக்குக் கரையில் அதற்கு முன்பே, 1659-61 தஞ்சைப் பஞ்சத்தில், நாகப்பட்டினத்திலிருந்து ஏராளமானவர்களைக் கப்பல் ஏற்றியிருந்தார்கள். பெரும்பாலோர் இலங்கைக்கு, மிச்சம் பேர் பத்தாவியாவுக்கும் மலாக்காவுக்கும். கேப் அடிமைப் பதிவேடுகளில் ஆளுக்கு ஒரு புதுப்பெயர், அதன் பின்னால் பிறந்த ஊர்: 'கொச்சியின்', 'மலபாரின்', 'கோரமண்டலின்' என்று. சொந்தப் பெயரை யாரும் எழுதி வைக்கவில்லை.

மங்காட்டுமுக்கில் கும்பிடப்படுபவருக்கும் சொந்தப் பெயர் தெரியாதுதான். புட்டும் சுருட்டும் மட்டும் தவறாமல் வந்துவிடுகின்றன.