மண்டபத்தில் பிரிந்த வழிகள்

எழும்பூரில் போட் மெயிலுக்கு டிக்கெட் எடுத்தால் அதே டிக்கெட்டில் கொழும்பு வரை போகலாம் என்றிருந்த காலம் ஒன்று உண்டு. 1914 பிப்ரவரியில் பாம்பன் பாலம் திறந்ததும் வந்த வசதி அது. முன்பெல்லாம் தூத்துக்குடி போய்க் கப்பல் ஏற வேண்டும். பாலம் வந்தபின் ரயில் தனுஷ்கோடித் துறைக்கே போனது. இறங்கினால் எதிரே கப்பல். இருபது மைல் சொச்சம் கடல் தாண்டினால் தலைமன்னாரில் அந்தப் பக்கத்து ரயில்.

வண்டியில் தேயிலைத் தோட்டத்துத் துரை இருப்பார். லேவாதேவிக் கணக்குப் பார்க்கப் போகும் செட்டியார், கீழக்கரை வியாபாரி, ராமேஸ்வர யாத்திரை வந்த வடநாட்டுக் குடும்பம் என்று பலரும் இருப்பார்கள். மூன்றாம் வகுப்பில், தோட்டத்துக்கு ஆள் சேர்க்கும் கங்காணியை நம்பிக் கண்டிச்சீமைக்குப் புறப்பட்ட கிராமத்துச் சனங்கள். சிலர் கழுத்தில் தகர வில்லை தொங்கும். போகும் தோட்டத்தைக் காட்டும் எழுத்தும் எண்ணும் அதில் பொறித்திருக்கும். வில்லையைக் காட்டினால் ரயிலுக்கும் கப்பலுக்கும் கையில் காசு வேண்டாம். செலவு தோட்டத்துக் கணக்கில் ஏறும்.

இத்தனை பேரும் ஒரே வண்டியில் வந்தார்கள். ஒன்றாகக் கப்பல் ஏறவில்லை.

பாலத்துக்கு இந்தப் பக்கம் மண்டபத்தில் இலங்கை அரசு ஒரு முகாம் நடத்தியது. காலராவும் அம்மையும் கடல் தாண்டிவிடக் கூடாது என்பது காரணம். தோட்டத்துக்குப் போகிறவர்கள் அங்கே இறங்க வேண்டும். அம்மை குத்திக்கொண்டு, சில நாள் காவலில் கிடந்து, டாக்டர் சரி என்ற பிறகுதான் தனுஷ்கோடி. மேல் வகுப்புக்காரர்களுக்கு இந்தக் காத்திருப்பு இல்லை.

1964 அக்டோபரில் இலங்கைக்கும் இந்தியாவுக்கும் இடையே சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தானது. தோட்டத் தமிழர் 5,25,000 பேரை இந்தியா ஏற்பதாக முடிவு. இரண்டே மாதத்தில், டிசம்பர் புயல் தனுஷ்கோடியை அழித்தது. துறை ராமேஸ்வரத்துக்கு மாறியது. பாட்டன் பூட்டன் போன வழியிலேயே, மலையகத்தில் பிறந்து இந்தியாவைப் பார்த்தே இராத பேரப்பிள்ளைகள் தலைமன்னாரில் கப்பலேறி வந்திறங்கினார்கள். அவர்களை முதலில் தங்க வைத்ததும் மண்டபம் முகாம்தான்.

1980களில் இலங்கையில் போர் மூண்டு கப்பலும் நின்றது. அகதிகள் மீன்பிடிப் படகுகளில் வந்தார்கள். அவர்களைப் பதிவு செய்து தங்கவைக்கும் இடமாக மண்டபம் மறுபடி திறந்தது. முகாமுக்குப் பக்கத்து ரயில் நிலையத்தின் பெயர் இன்றைக்கும் மண்டபம் கேம்ப்.