சம்மதம் என்று எழுதிக் கொடுத்த பிறகு: நில எடுப்புச் சட்டத்தின் இரண்டு கதவுகள்

இன்றைக்கு அரசாங்கம் எடுக்கும் நிலத்தைப் பற்றிப் பேசப் போகிறோம். ஒரே ஒரு கேள்விதான். அரசு சொன்ன விலைக்கு “சரி, சம்மதம்” என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்த ஒரு விவசாயி, பின்னாடி “எனக்கு இது போதாது, கூடக் கொடுங்க” என்று கேட்க முடியுமா?

அருப்புக்கோட்டை, திருச்சுழி பக்கம் இந்தக் கேள்விக்கு இப்போது வேலை இருக்கிறது. காவிரி – வைகை – குண்டாறு இணைப்புத் திட்டத்துக்கு 2021 பிப்ரவரியில் அடிக்கல் நாட்டினார்கள். கரூர் மாவட்டம் மாயனூரில் தொடங்கி ஏறக்குறைய 262 கிலோமீட்டர் வெட்டப்படும் கால்வாய் அது. கடைசியில் போய்ச் சேரும் இடம் குண்டாறு, அதாவது திருச்சுழியை ஒட்டி ஓடும் அதே ஆறு. மதுரையிலிருந்து அருப்புக்கோட்டை வழியாகத் தூத்துக்குடிக்குப் புதிய ரயில் பாதையும் திட்டத்தில் இருக்கிறது. கால்வாயோ தண்டவாளமோ, யாராவது ஒருத்தருடைய கரிசல் காட்டின் மேல்தானே போக வேண்டும்?

சரி, கதை எங்கே தொடங்குகிறது? 1894-இல். அந்த வருஷம் மார்ச் 1 முதல் அமலுக்கு வந்த நில எடுப்புச் சட்டம்தான் 2013 வரைக்கும், கிட்டத்தட்ட 120 வருஷம், நம் நிலங்களின் விதியைத் தீர்மானித்தது. ஊரில் “ஆர்ஜிதம்” என்று சொல்வார்களே, அதுதான். முறை இப்படி. முதலில் அறிவிக்கை. பிறகு விசாரணை. அதற்குப் பிறகு கலெக்டர் ஒரு தொகையை முடிவு செய்வார், அதற்குப் பெயர் தீர்வம். பேச்சு வழக்கில் அவார்டு.

அந்தத் தொகை போதாது என்று நினைத்தால் 18-ஆம் பிரிவின்படி “இதை நீதிமன்றத்துக்கு அனுப்புங்கள்” என்று கலெக்டரிடம் மனு கொடுக்கலாம். தீர்வம் சொல்லும்போது நேரில் இருந்தவருக்கு ஆறு வாரம்தான் கெடு. இதில் ஒரு நுணுக்கம் உண்டு. பணத்தை வாங்கும்போதே “ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்” என்று எழுத வேண்டும். அப்படி எழுதாமல் வாங்கிவிட்டால் 18-ஆம் பிரிவின் கதவு மூடிக்கொள்ளும். சட்டம் படித்தவனுக்கு அது இரண்டு வார்த்தை. கைநாட்டு வைத்தவனுக்கு? பக்கத்தில் வக்கீல் இருந்தவனுக்கு விலை கூடியது, இல்லாதவன் கொடுத்ததை வாங்கிக்கொண்டு வந்துவிட்டான். ஒரே காடு, ஒரே மண், வரப்பு மட்டும்தான் வேறு. ஆனால் இரண்டு விலை.

இந்த அநியாயம் 1984-இல் நாடாளுமன்றத்தின் கவனத்துக்கு வந்தது. அந்த வருஷத் திருத்தச் சட்டத்தில் 28-ஏ என்று ஒரு பிரிவைச் சேர்த்தார்கள். பக்கத்துக் காட்டுக்காரர் நீதிமன்றம் போய்க் கூடுதல் விலை வாங்கினால், அதே அறிவிக்கையில் நிலம் கொடுத்து, 18-ஆம் பிரிவில் மனுப் போடாமல் இருந்தவரும், அந்தத் தீர்ப்பு வந்து மூன்று மாதத்துக்குள் “எனக்கும் அந்த விலை” என்று கேட்கலாம். ஆட்சேபணை எழுதத் தெரியாத ஏழைக்காகவே திறந்த கதவு அது. அதே திருத்தத்தில்தான் ஆறுதல் தொகையும் 15 சதவீதத்திலிருந்து 30 ஆனது.

இங்கேதான் கவனிக்கணும். அதே 1984 திருத்தம், அதே நாளில், இன்னொரு பிரிவையும் சேர்த்தது. 11-இன் உட்பிரிவு 2. நில உரிமையாளர்கள் உரிய படிவத்தில் “இந்தத் தொகைக்கு ஒத்துக்கொள்கிறோம்” என்று எழுதிக் கொடுத்தால், மேற்கொண்டு விசாரணை இல்லாமலே கலெக்டர் அதன்படி தீர்வம் சொல்லலாம். சம்மதத் தீர்வம். பேசாமல் இருந்தவனுக்கு ஒரு கதவைத் திறந்த சட்டம், பேசி ஒத்துக்கொண்டவனுக்கு இன்னொரு கதவைச் சாத்தும் வழியையும் கூடவே வைத்தது.

சாத்தியது என்று எப்படிச் சொல்கிறோம்? தீர்ப்புகளைப் பாருங்கள். குஜராத்தில் ஒரு வழக்கு. தீர்வத் தொகைக்கு மேல் 25 சதவீதம் கூடுதலாகத் தருகிறோம், நீதிமன்றம் போகக் கூடாது என்று ஒப்பந்தம். கையெழுத்துப் போட்டார்கள். பிறகு 18-ஆம் பிரிவில் மனுக் கொடுத்தார்கள். முடியாது என்று 1995-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அடுத்த வருஷமே இன்னொரு குஜராத் வழக்கு. ஒத்துக்கொண்ட மொத்தத் தொகைக்கு மேல், சட்டம் தரும் ஆறுதல் தொகையும் வட்டியும் தனியே வேண்டும் என்று கேட்டார்கள். அதற்கும் இல்லை என்பதே பதில். 2005-இல் கர்நாடகத்திலிருந்து வந்த வழக்கிலும் இதே முடிவுதான்: சம்மதத் தீர்வம் வாங்கியவர், கூடுதல் கேட்டு நீதிமன்ற விசாரணைக்கு அனுப்பச் சொல்ல முடியாது.

நீதிமன்றத்தின் வாதம் எளிமையானது. அரசு ஏன் பேச்சுவார்த்தைக்கு வருகிறது? வழக்கு இல்லாமல், தாமதம் இல்லாமல் நிலம் கிடைக்கணும் என்றுதான். அந்த நிம்மதிக்கும் சேர்த்துத்தான் கூடுதல் விலை. வாங்குவதையும் வாங்கிக்கொண்டு வழக்கும் போட்டால், அந்தக் கூடுதல் எதற்கு?

தமிழ்நாட்டுக்கு வருவோம். 1997-இல் தொழில் நோக்கங்களுக்கான நில எடுப்புச் சட்டம் ஒன்றை இங்கே தனியாகவே கொண்டுவந்தார்கள். சிப்காட் போன்ற தொழிற்பூங்காக்களுக்குப் பயன்படுவது இது. 2001-இல் நெடுஞ்சாலைச் சட்டம். இரண்டிலும் உரிமையாளரோடு பேசி விலையை முடிவு செய்யும் வழி உண்டு. இதுபோக, மாவட்ட ஆட்சியர் தலைமையிலான குழு பேசி விலை முடித்து, கிரயப் பத்திரமாகவே எழுதி வாங்கும் “தனியார் பேச்சுவார்த்தை” முறையும் இருக்கிறது. கிரயம் என்றால் அது விற்பனை. அங்கே தீர்வமே இல்லை. தீர்வம் இல்லாத இடத்தில் அதை எதிர்த்து எங்கே போவது?

அப்படின்னா சம்மதிப்பது முட்டாள்தனமா? அப்படிச் சொல்லிவிட முடியாது. நம்ம வறண்ட காட்டின் கணக்கு வேறு. மானாவாரி நிலம், மழை பெய்தால் பருத்தி, மக்காச்சோளம், மல்லி. இல்லாவிட்டால் சீமைக்கருவேலம். பத்திரங்களில் பதிவான விலையும் குறைவு, வழிகாட்டி மதிப்பும் குறைவு. 2013-இன் புதிய சட்டம் கிராமப்புற நிலத்தின் சந்தை மதிப்பை 2 மடங்கு வரை பெருக்கலாம் என்கிறது, அதன் மேல் 100 சதவீதம் ஆறுதல் தொகையும் தருகிறது. ஆனால் அடியில் இருக்கும் எண்ணே சிறியதாக இருந்தால், பெருக்கி எவ்வளவு வந்துவிடும்? வழிகாட்டி மதிப்பைத் தமிழ்நாடு அரசு 2017 ஜூனில் 33 சதவீதம் குறைத்தது. பத்திரம் பதியப் போனவருக்கு அது லாபம். நிலத்தை அரசுக்குக் கொடுக்க வேண்டியவருக்கு? இப்படிப்பட்ட இடத்தில் பேச்சுவார்த்தையில் கிடைக்கும் கூடுதல் பணம், பல வருஷம் சப்-கோர்ட்டுக்கு அலைவதைவிட மேலாக இருக்கலாம். அது அவரவர் போட வேண்டிய கணக்கு. ஆனால் எதை விட்டுக்கொடுக்கிறோம் என்று தெரிந்து போட வேண்டிய கணக்கு.

இதற்கு நேர் எதிரான கதையும் நம் ஊர் வழியாகவே போகிறது. மதுரை – தூத்துக்குடி நான்கு வழிச்சாலை. தேசிய நெடுஞ்சாலைகளுக்கு 1956-ஆம் வருஷச் சட்டம். 1997-இல் அதைத் திருத்தியபோது, சாலைக்கு நிலம் கொடுப்பவருக்கு ஆறுதல் தொகையும் அதற்கான வட்டியும் கிடையாது என்று ஆக்கிவிட்டார்கள். அணைக்குக் கொடுத்தால் உண்டு, சாலைக்குக் கொடுத்தால் இல்லை. இந்தப் பாகுபாடு செல்லாது என்று தர்சேம் சிங் வழக்கில் 2019 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. இனிமேல் எடுக்கும் நிலத்துக்கு மட்டும் பொருந்தட்டும் என்று நெடுஞ்சாலை ஆணையம் கேட்டதையும் 2025 பிப்ரவரியில் ஏற்கவில்லை. ஆனால் இறுதியாகிவிட்ட வழக்குகளை மறுபடி திறக்கச் சொல்லவில்லை என்றும் தெளிவுபடுத்தியது. சட்டம் தர மறுத்ததை நீதிமன்றம் திருப்பித் தரலாம். நாமே எழுதிக் கொடுத்ததைத் திருப்பி வாங்குவதுதான் கஷ்டம்.

சரி, கையெழுத்துப் போட்டவருக்கு ஒன்றுமே மிச்சமில்லையா? இருக்கிறது. சம்மதம் என்பது தாளில் எழுதியிருக்கும் அளவுக்குத்தான். ஒத்துக்கொண்ட தொகையையே கொடுக்காமல் இழுத்தால் அதைக் கேட்கும் உரிமை இருக்கிறது. ஒப்பந்தத்தில் இல்லாத சர்வே எண்ணில் கால்வாய் வெட்டினால், அதற்குச் சம்மதம் கொடுத்ததாக ஆகாது. கூட்டுப் பட்டாவில் அண்ணன் கையெழுத்துப் போட்டால், அவர் பங்குக்குத்தான் அது. தம்பியின் அதிகாரம் இல்லாமல் தம்பி பங்கு போகாது. மிரட்டியோ ஏமாற்றியோ வாங்கிய சம்மதத்தை ரத்து செய்யக் கேட்கலாம் என்று 1872-ஆம் வருஷ ஒப்பந்தச் சட்டமே சொல்கிறது. ஆனால் மிரட்டினார்கள் என்பதை நிரூபிக்க வேண்டியது நாம்தான்.

வாய்ச் சம்மதத்துக்கும் ஒரு தீர்ப்பு இருக்கிறது. இமாச்சலப் பிரதேசத்தில் 1967-68-இல் சாலைக்காக ஒரு பெண்ணின் நிலத்தை எடுத்துக்கொண்டார்கள். அறிவிக்கை இல்லை, பணமும் இல்லை. எழுதப் படிக்கத் தெரியாதவர் அவர். பல பத்தாண்டு கழித்து வழக்கு வந்தபோது, “அன்றைக்கு வாயால் சம்மதித்தார்கள்” என்றது மாநில அரசு. 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. இழப்பீடு கொடு என்று உத்தரவிட்டது. அரசு தன் தரப்புக்கு ஒரு தாளைக்கூடக் காட்ட முடியவில்லை.

ஆக, எழுத்து இரண்டு பக்கமும் வெட்டும். அதனால் சம்மதப் படிவம் கைக்கு வந்தால் நான்கு விஷயம் பாருங்கள். தொகை எதையெல்லாம் உள்ளடக்கியது: நிலம் மட்டுமா, கிணறு, மரம், நிற்கும் பயிர், ஆறுதல் தொகை எல்லாம் சேர்த்தா? பணம் எந்தத் தேதிக்குள், தாமதமானால் வட்டி என்ன? சர்வே எண்ணும் பரப்பும் சரியா? கடைசியாக, “மேற்கொண்டு எந்த உரிமையும் கோர மாட்டேன்” என்ற வரி இருக்கிறதா? இருந்தால், தொகையைப் படிப்பதற்கு முன்னால் அந்த வரியைப் படியுங்கள். நகல் ஒன்றைக் கையோடு வாங்கிக்கொள்ளுங்கள்.

சம்மதிக்காமல் தீர்வம்தான் வாங்குகிறீர்கள் என்றால், பழைய பாடமே இன்றைக்கும் பாடம். 2013 சட்டத்திலும் “ஆட்சேபணையுடன்” என்ற சொல் உயிரோடு இருக்கிறது, அந்த ஆறு வாரக் கெடுவும் இருக்கிறது. 1894-இல் அந்தச் சொல்லை எழுதத் தெரியாமல் போனவர்களின் பேரப்பிள்ளைகள் இன்றைக்கு எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள். கையெழுத்துப் போடுவதற்கு முன்னால், அந்தத் தாளை உட்கார்ந்து முழுசாகப் படித்துவிடுங்கள்.