சர்க்கரையிலிருந்து எரிபொருளுக்கு: கூட்டுறவு ஆலைகளின் எத்தனால் வணிகம் மாறுவது எப்படி?

மும்பை: நாட்டில் விற்பனையாகும் பெட்ரோலில் இன்று ஐந்தில் ஒரு பங்கு வரை எத்தனால் கலக்கப்படுகிறது. இதில் ஒரு பகுதி, கரும்பு விவசாயிகளே பங்குதாரர்களாக உள்ள கூட்டுறவு சர்க்கரை ஆலைகளில் தயாராகிறது. சர்க்கரையை மட்டுமே நம்பியிருந்த இந்த ஆலைகள் எரிபொருள் வணிகத்திற்குள் நுழைந்தது ஏன், சந்தை மாறும்போது அவை எவ்வாறு தகவமைத்துக் கொள்கின்றன, இதில் விவசாயிக்கு என்ன கிடைக்கிறது என்பது குறித்த விளக்கம் வருமாறு:

விவசாயிகளின் ஆலை

மகாராஷ்டிர மாநிலம் அகமதுநகர் மாவட்டத்தில் (தற்போது அகில்யாநகர்) உள்ள பிரவராநகரில் 1950-ஆம் ஆண்டு கூட்டுறவு சர்க்கரை ஆலை உருவானது. விட்டல்ராவ் விகே பாட்டீல் முன்னின்று தொடங்கிய இந்த ஆலைக்குப் பொருளாதார அறிஞர் தனஞ்சயராவ் காட்கில் துணை நின்றார். அதன் வெற்றியைத் தொடர்ந்து மகாராஷ்டிரம், குஜராத், கர்நாடகம் உள்ளிட்ட மாநிலங்களில் இத்தகைய ஆலைகள் பெருகின.

இந்த ஆலைகளில் கரும்பு தரும் விவசாயியே பங்குதாரர்; நிர்வாகக் குழுவை வாக்களித்துத் தேர்ந்தெடுப்பவரும் அவரே. எனவே ஆலைக்கு நட்டம் ஏற்பட்டால், அது முதலில் எட்டுவது அவரது வீட்டைத்தான்.

எரிபொருள் வணிகம் ஏன்?

1966-ஆம் ஆண்டின் கரும்பு கட்டுப்பாட்டு ஆணைப்படி, கரும்பு பெற்ற 14 நாள்களுக்குள் விவசாயிக்குப் பணம் வழங்க வேண்டும். ஆனால், நான்கைந்து மாத அரைவைப் பருவத்தில் உற்பத்தியாகும் சர்க்கரை, ஆண்டு முழுவதும் சிறிது சிறிதாகவே விற்பனையாகிறது. 2019-இல் கிலோவுக்கு 31 ரூபாயாக உயர்த்தப்பட்ட சர்க்கரையின் குறைந்தபட்ச விற்பனை விலையும் அதன்பின் பல ஆண்டுகள் மாறவில்லை. கிடங்கில் சர்க்கரை தேங்க, விவசாயிகளுக்கான நிலுவைத் தொகையும் தேங்கியது.

இந்த இடைவெளியை நிரப்பியது எத்தனால். எண்ணெய் நிறுவனங்கள் எத்தனாலுக்கான தொகையைச் சில வாரங்களில் வழங்கிவிடுகின்றன. 2003-இல் தொடங்கிய எத்தனால் கலப்புத் திட்டம், 2013-14 வரை சுமார் 1.5 சதவீத அளவிலேயே நின்றது. 2018-ஆம் ஆண்டின் தேசிய உயிரி எரிபொருள் கொள்கை வேகம் கொடுத்தது. 2022 ஜூன் மாதம் 10 சதவீதமும், 2025-இல் 20 சதவீதமும் எட்டப்பட்டன. 2030-க்கு என வகுக்கப்பட்ட 20 சதவீத இலக்கு, ஐந்து ஆண்டுகள் முன்னரே கைகூடியது.

மூன்று வழிகள், மூன்று விலைகள்

கரும்பிலிருந்து எத்தனாலை மூன்று வகையில் பெறலாம். சர்க்கரை முழுவதையும் பிரித்தெடுத்த பின் எஞ்சும் 'சி' வகைக் கழிவுப்பாகு முதலாவது. சர்க்கரைச் சத்து ஓரளவு எஞ்சியுள்ள 'பி' வகைப் பாகு இரண்டாவது. கரும்புச் சாற்றை நேரடியாக நொதிக்க வைப்பது மூன்றாவது. சர்க்கரையை எவ்வளவு விட்டுக்கொடுக்கிறதோ, அதற்கேற்ப ஆலைக்குக் கூடுதல் விலை கிடைக்கிறது. 2022-23 விநியோக ஆண்டில் இம்மூன்றுக்கும் முறையே லிட்டருக்கு 49.41 ரூபாய், 60.73 ரூபாய், 65.61 ரூபாய் என மத்திய அரசு விலை நிர்ணயித்தது.

சர்க்கரை விலை சரியும்போது சாற்றை எத்தனாலுக்குத் திருப்பலாம். விலை ஏறும்போது சர்க்கரைக்குத் திரும்பலாம். இந்த நெகிழ்வுத்தன்மையை நம்பியே பல கூட்டுறவு ஆலைகள் கடன் வாங்கி வடிப்பாலைகளை அமைத்தன.

2023 டிசம்பர் தந்த பாடம்

போதிய மழையின்மையால் கரும்பு விளைச்சல் குறையும் என்ற நிலையில், உள்நாட்டில் சர்க்கரைத் தட்டுப்பாட்டைத் தவிர்க்க, கரும்புச் சாற்றை எத்தனாலுக்குப் பயன்படுத்த 2023 டிசம்பர் 7-ஆம் தேதி மத்திய அரசு தடை விதித்தது. சில நாள்களில் அது தளர்த்தப்பட்டு, 17 லட்சம் டன் சர்க்கரைக்கு ஈடான அளவு வரை எத்தனாலுக்குத் திருப்ப அனுமதி தரப்பட்டது. 2024-25 விநியோக ஆண்டு முதல் கட்டுப்பாடு விலக்கிக்கொள்ளப்பட்டது.

எனினும், அரைவைப் பருவத்தின் நடுவே வந்த அந்த உத்தரவு ஓர் உண்மையை உணர்த்தியது. ஒரே மூலப்பொருளை நம்பிய வடிப்பாலை, கொள்கை மாறினாலும் மழை பொய்த்தாலும் முடங்கிவிடும். ஆனால் அதற்காக வாங்கிய கடனின் தவணை நிற்காது.

மக்காச்சோளத்தின் வருகை

அந்த இடைவெளியை நிரப்ப மக்காச்சோளம் முன்வந்தது. 2023-24 விநியோக ஆண்டில் எத்தனாலுக்கான முதன்மை மூலப்பொருளாக அது உயர்ந்தது. கரும்பு கிடைக்காத மாதங்களிலும் தானியத்தைக் கொண்டு வடிப்பாலையை இயக்கலாம் என்பதே அதன் வசதி. ஆனால் தானியத்தை அரைத்து, அதிலுள்ள மாவுச்சத்தை முதலில் சர்க்கரையாக மாற்ற வேண்டும் என்பதால், கரும்பு சார்ந்த ஆலைகளுக்குக் கூடுதல் இயந்திரங்கள் தேவைப்படுகின்றன.

இதற்காக 2025 மார்ச் மாதம் கூட்டுறவு ஆலைகளுக்கெனத் தனித் திட்டத்தை மத்திய அரசு அறிவித்தது. மக்காச்சோளம், சேதமடைந்த தானியங்கள் ஆகியவற்றையும் பயன்படுத்தும் வகையில் வடிப்பாலைகளை மாற்றியமைக்கும் கடனுக்கு, ஆண்டுக்கு 6 சதவீதம் அல்லது வங்கி வட்டியில் பாதி, இவற்றில் எது குறைவோ அது ஐந்து ஆண்டுகளுக்கு மானியமாக வழங்கப்படும். தானிய எத்தனாலின் துணைப்பொருளான உலர் சக்கை கால்நடைத் தீவனமாக விற்பனையாவது மற்றொரு வருவாய்.

கழிவிலிருந்து எரிவாயு

அடுத்த கட்டமாக, ஆலைக் கழிவையே எரிபொருளாக்கும் முயற்சி தொடங்கியுள்ளது. அகில்யாநகர் மாவட்டம் கோபர்காவில் உள்ள சங்கர்ராவ் கோலே கூட்டுறவு சர்க்கரை ஆலையில் அமைக்கப்பட்ட அழுத்தப்பட்ட உயிரி எரிவாயு நிலையத்தை, மத்திய கூட்டுறவுத் துறை அமைச்சர் அமித் ஷா 2025 அக்டோபரில் தொடங்கிவைத்தார். வடிப்பாலைக் கழிவிலிருந்து எரிவாயுவுடன் பொட்டாஷ் உரமும் இங்குத் தயாரிக்கப்படுகிறது. அந்த உரம் மீண்டும் வயலுக்கே செல்கிறது.

விவசாயிக்கு என்ன?

2022-23-இல் குவிண்டாலுக்கு 305 ரூபாயாக இருந்த கரும்பின் நியாயமான மற்றும் ஆதாய விலை, 2024-25-இல் 340 ரூபாயானது. ஒரு டன் கரும்பின் சாற்றிலிருந்து சுமார் 70 லிட்டர் எத்தனால் கிடைக்கும் எனக் கொண்டால், மூலப்பொருள் செலவு மட்டும் லிட்டருக்கு 5 ரூபாய் கூடியுள்ளது. ஆனால் சாற்று எத்தனாலின் விலை அதே 65.61 ரூபாயாகவே நீடித்தது. எத்தனால் விலையையும் சர்க்கரையின் குறைந்தபட்ச விலையையும் உயர்த்த வேண்டும் என ஆலைகள் வலியுறுத்துவதன் காரணம் இதுவே.

20 சதவீதக் கலப்பு எட்டப்பட்ட நிலையில், சந்தையின் வளர்ச்சி இனி முன்போல் இருக்காது. 2025-26 விநியோக ஆண்டுக்கு எண்ணெய் நிறுவனங்கள் கோரியது சுமார் 1,050 கோடி லிட்டர். உற்பத்தியாளர்கள் வழங்க முன்வந்ததோ 1,770 கோடி லிட்டருக்கும் அதிகம். ஒதுக்கீட்டில் பெரும்பகுதி தானிய எத்தனாலுக்குச் சென்றது.

இச்சூழலில் சர்க்கரை, எத்தனால், எரிவாயு, உரம் என வருவாயைப் பகிர்ந்தளிப்பதே கூட்டுறவு ஆலைகளின் வழியாக உள்ளது. இயந்திரங்கள் எத்தனை மாறினாலும், கரும்பு வெட்டிய 14-ஆம் நாளில் உறுப்பினரின் வங்கிக் கணக்கில் பணம் சேர்கிறதா என்பதே இந்த மாற்றத்தின் அளவுகோல்.