உறுதியில் யார் பேர்?

கல்முனையின் பழம்பெருமையைப் பேசுகிறவர்கள் முதலில் காட்டுவது கடற்கரைப் பள்ளிவாசலை. நாகூர் ஷாகுல் ஹமீது ஆண்டகையின் பேரில் வருடாவருடம் கொடியேறும் இடம் அது. ஆண்டகை அடங்கியிருப்பது நாகூரில். இங்கிருப்பது நினைவு மட்டும். 2004 டிசம்பர் 26இல் கடல் அதையும் விடவில்லை. ஆனாலும் பள்ளியைத் திருத்தினார்கள், கொடி மறுபடி ஏறியது. அவ்வளவு லேசில் மீளாதது, மருதமுனையிலிருந்து சாய்ந்தமருதுவரை கரையோரம் இருந்த வளவுகளின் ஒழுங்கு.

அந்த ஒழுங்கு தாய்வழியில் வந்தது. மூத்த மகளுக்குக் கலியாணம் என்றால் குடியிருக்கும் வீட்டையே சீதனமாக அவள் பேரில் எழுதிவிட்டு, உம்மாவும் வாப்பாவும் மற்றப் பிள்ளைகளோடு அதே வளவில் வேறு வீடு கட்டிப் போவார்கள். மாப்பிள்ளைதான் குடிவருவார். இப்படி அக்கா, தங்கை, சாச்சி எல்லாரும் ஒரே வேலிக்குள். பள்ளி நிர்வாகியான மரைக்கார் இருந்ததும் இந்தத் தாய்வழிக் குடிகளின் சார்பில்தான். இந்தத் தாய்வழி உரிமையைச் சொன்ன முக்குவர் சட்டம் 1876இலேயே நீதிமன்றத்தில் செல்லாக்காசாகிவிட்டது, வழக்கமோ சாகவில்லை. சொத்து மரணத்துக்குப் பிறகல்ல, கலியாணத்தின்போதே கைமாறியதால் வாரிசுச் சட்டத்துக்கு அங்கே வேலையில்லை. சட்டத்தால் முடியாததைச் சுனாமிக்குப் பிந்திய நிர்வாகம் செய்தது. கரையோரத்தில் வீடு கட்டக்கூடாதென்று கிழக்கில் முதலில் 200 மீற்றர் என்று அறிவித்த தடைவலயம் பின்னர் தளர்த்தப்பட்டாலும், பல குடும்பங்கள் பழைய வளவுக்குத் திரும்பவில்லை. புது வீட்டுக்கான படிவத்தில் ‘குடும்பத் தலைவர்’ என்றொரு கட்டம். அதில் புருஷன் பேர் விழுந்தது. பெண் இழந்த சீதன வீட்டுக்கு ஈடாக வந்த வீடு பல இடங்களில் அவனுடையதாயிற்று. பெண்கள் அமைப்புகள் அப்போதே இதை எதிர்த்தன.

சீதனத்தால் நொடிந்த வாப்பாமாரையும், தங்கைக்கு வீடு கட்டவென்றே கடல்கடந்து உழைத்த நானாமாரையும் மறந்துவிட்டு இந்த வழக்கத்தைப் போற்றலாமா என்று கேட்பார்கள். மார்க்கம் மாப்பிள்ளையை மஹர் கொடுக்கச் சொல்ல, நடப்பது தலைகீழ் என்பதும் உண்மை. குடி வழக்கம் சுனாமிக்கு முன்பே தளர்ந்துவந்தது என்பதையும் ஒத்துக்கொள்ளலாம். ஆனால் அந்தப் படிவம் சீதனத்தை ஒழிக்கவில்லை. இன்றும் பெண்ணைப் பெற்றவர்கள்தான் வீடு தேடுகிறார்கள். நிவாரண வீட்டுக்கு எந்த வாப்பாவும் கடன்படவில்லை, எந்த நானாவும் கட்டாருக்குப் போகவில்லை. அதைப் பெண் பேரில் எழுதியிருந்தால் யாருக்கும் ஒரு சதம் கூடச் செலவாகியிராது.