விலங்கு கழன்ற பின்

போரில் மாண்டார்க்கு நடுகல் நாட்டிய நாடு நம்முடையது. ஆயின், போரினின்று மீண்டார் மனத்தில் என்ன எஞ்சியது என்பதை எழுதி வைத்தோமா? இவ்வினாவை எழுப்புகிறது காவிரி சூழ்ந்த ஸ்ரீரங்கப்பட்டணம்.

1780 செப்டம்பர் 10ஆம் நாள், காஞ்சிபுரத்தை அடுத்த புள்ளலூரில், கர்னல் பெய்லியின் கும்பினிப் படையை ஹைதர் அலியும் திப்புவும் முறியடித்தனர். மகேந்திரவர்ம பல்லவன் பகைவரை வென்றதாகக் காசாக்குடிச் செப்பேடு கூறும் ஊரும் அதுவே. சிறைப்பட்டோர் ஸ்ரீரங்கப்பட்டணத்தில் அடைக்கப்பட்டனர். பெய்லி 1782இல் அங்கேயே இறந்தார். டேவிட் பேர்ட் என்னும் அதிகாரி ஏறத்தாழ மூன்றரை ஆண்டு சிறையிருந்து, 1784இல் மங்களூர் உடன்படிக்கையால் மீண்டார். 1799 மே 4 அன்று அதே கோட்டையைத் தாக்கும் படைக்குத் தாமே விரும்பித் தலைமை ஏற்றார். எனினும், அன்று தம்மிடம் சரணடைந்த திப்புவின் மைந்தரை அவர் பரிவுடன் நடத்தியதாக உடனிருந்தோர் குறித்துள்ளனர். பழைய விலங்கின் வடு பகையாக மட்டுமே முற்றிவிடவில்லை.

ஜேம்ஸ் ஸ்கரி கதை வேறு. 1782இல் பிரெஞ்சுக்காரரால் கடலில் பிடிக்கப்பட்டு ஹைதரிடம் ஒப்படைக்கப்பட்ட அவ்விளைஞர், ஏறத்தாழப் பத்தாண்டுக்குப் பின் தப்பினார். மீண்டபோது நாற்காலியில் அமர்வதும் அவர்க்குப் பழக்கம் விட்டிருந்தது; தாய்மொழியும் நாவில் சிதைந்திருந்தது. அவர்தம் வரலாறு 1824இல் நூலாக வந்தது.

வென்றோர் நினைவு, தரியா தௌலத் மாளிகைச் சுவரில் புள்ளலூர்ப் போர் ஓவியமாக நிற்கிறது. பெய்லிக்கு அவர் உறவினர் 1816இல் நினைவு மண்டபம் எழுப்பினார். ஆனால் பெய்லியின் படையில் பெரும்பாலோர் இந்தியச் சிப்பாய்களே அல்லரோ? அவருள் மீண்டு வந்தோர் மனையிலும் மன்றிலும் என்ன கூறியிருப்பர்? நடுக்கமுற்று விழித்த இரவுகள் எத்தனை? அவர்க்கு ஓவியமும் இல்லை, மண்டபமும் இல்லை, நூலும் இல்லை. எழுத்தறிவும் அச்சகமும் எவர் கையில் இருந்தனவோ, அவர் துயரே வரலாறாயிற்று.

அச்சிப்பாய்களின் சொல்லை இனி மீட்க இயலாது. ஆயினும் 1965, 1971ஆம் ஆண்டுப் போர்களில் நின்ற முதியோர் இன்றும் நம் ஊர்களில் வாழ்கின்றனர். விழா மேடையில் பொன்னாடை போர்த்துவதோடு நம் கடமை முடிந்துவிடாது. தமிழ்ச் சங்கங்கள் அவர்தம் வாய்மொழியைப் பதிந்து காத்தல் வேண்டும். வெற்றிச் செய்தியோடு, அவர்கள் இதுகாறும் எவரிடமும் கூறாத துயரையும் கேட்டு எழுதுதல் வேண்டும்.