பொது லாபியில் தனி ஆள்

2020 ஆகஸ்ட் முதல் வாரம். தென்காசியில் எங்கள் வீட்டு மாடி அறையில் உட்கார்ந்து சென்னை அலுவலக வேலையை இரவு பதினொன்று வரை பார்த்துவிட்டு மடிக்கணினியை மூடுவேன். பத்து நாளைக்கு என்று மார்ச்சில் எடுத்து வந்த இரண்டு சட்டைகளும் அதற்குள் வெளுத்துப் போயிருந்தன. வெளியே சாரல். ஐந்து கிலோமீட்டர் தள்ளி குற்றாலத்தில் பேரருவி பொங்கி விழுந்துகொண்டிருந்தது. ஊரடங்கால் குளிக்கத் தடை. எனக்கு நினைவு தெரிந்து, அருவிக்கடியில் ஆளே நிற்காத ஆடி மாதம் அதுதான்.

மடிக்கணினியை மூடியதும் கைபேசியை எடுப்பேன். பப்ஜி. கூட ஆட நண்பர்களை அழைக்க மாட்டேன். கல்லூரி நண்பர்களின் வாட்ஸப் குழுவில் தினமும் ஒன்பது மணிக்கு ஒரு அணி கூடும். அதிலும் சேர மாட்டேன். பகல் முழுக்கத் தெரிந்தவர்களோடு பேசி முடித்தவனுக்கு இரவில் தெரியாதவர்கள் போதும். இருவர் அணியைத் தேர்ந்து, ஜோடியை விளையாட்டே சேர்க்கட்டும் என்று விட்டுவிடுவேன்.

இந்த விளையாட்டுகளை ஆடாதவர்களுக்காகச் சிறு விளக்கம். ஆட்டம் தொடங்குவதற்குமுன் ஆட்டக்காரர்கள் காத்திருக்கும் இடம் லாபி. கல்யாண மண்டபத்து முன்கூடம் மாதிரி. சில விளையாட்டுகளில் ஆட்டம் நடக்கும் அரங்குக்கே அந்தப் பெயர் நிலைத்துவிட்டது. அழைத்தவர்கள் மட்டும் நுழைவது தனி லாபி. யார் வேண்டுமானாலும் வந்து விழுவது பொது லாபி. பப்ஜியில் நூறு பேர் ஒரே விமானத்திலிருந்து எட்டுக்கு எட்டு கிலோமீட்டர் தீவு ஒன்றில் குதிப்பார்கள். கடைசி வரை உயிரோடு இருப்பவருக்கு வெற்றி. மற்ற 99 பேரில் ஒருவரைக்கூட நமக்குத் தெரிந்திருக்க வேண்டியதில்லை.

அன்று மாடியிலிருந்து தவறிக் குதித்து அடிபட்டதில் "அய்யய்யோ" என்று கத்திவிட்டேன். மைக் திறந்திருந்தது.

"அண்ணே... தமிழாண்ணே?"

ஆமாம் என்றேன். எந்த ஊர் என்று கேட்டான். தென்காசி. குரல் போய்த் திரும்ப ஒரு விநாடிக்குக் கொஞ்சம் குறைவாக ஆனது.

"குத்தாலமா! தண்ணி கொட்டுதாண்ணே?"

"கொட்டுது. குளிக்கத்தான் யாருமில்ல."

அவன் சிரித்தான். "இங்க எங்க கேம்ப்ல ஒரு பைப்புக்கு நாப்பது பேர் வரிசையில நிக்கிறோம். அங்க சும்மா கொட்டுதா?"

துபாயில் வேலை. ஊர் அறந்தாங்கிப் பக்கம். ஊருக்கு வர விமானச் சீட்டுக்குப் பதிந்துவிட்டுக் காத்திருந்தான். குற்றாலத்துக்கு ஒரே ஒரு தடவை, பள்ளிக்கூட நாட்களில், வேன் வைத்து வந்திருக்கிறான். மத்தியக் கிழக்கு சர்வரில் ஆடினால் அவனுக்கு இணைப்பு வேகமாக இருக்கும். ஏன் ஆசியா சர்வருக்கு வருகிறாய் என்று கேட்டேன். "இங்க வந்தா எப்பவாச்சும் தமிழ் காதுல விழும்ணே" என்றான். அந்தத் தாமதத்தால் எதிரி சுடுவது அவனுக்குக் கொஞ்சம் பிந்தித்தான் தெரியும். தெரிந்தேதான் வந்தான்.

ஐந்து ஆட்டம் ஆடினோம். ஒன்றில் இரண்டாம் இடம். "சரிண்ணே, காலைல டூட்டி" என்று சொல்லிவிட்டுப் போனான். திரையில் அவன் பெயருக்குப் பக்கத்தில் நண்பராகச் சேர்ப்பதற்கான குறி இருந்தது. பார்த்தேன். அழுத்தவில்லை.

*

ஏன் அழுத்தவில்லை என்பதை யோசிக்கப்போய்த்தான் இந்த லாபியின் வரலாற்றைத் தேடிப் படித்தேன்.

கணினியில் முன்பின் தெரியாதவர்கள் ஒரே உலகத்துக்குள் நுழைந்தது இங்கிலாந்தின் எஸ்ஸெக்ஸ் பல்கலைக்கழகத்தில். 1978ல் ராய் டிரப்ஷா என்ற மாணவர் மட் என்ற விளையாட்டை எழுதத் தொடங்கினார். ரிச்சர்ட் பார்ட்டில் அதை வளர்த்தார். படம் கிடையாது, எல்லாமே எழுத்து. பல்கலைக்கழகக் கணினி சும்மா கிடக்கும் இரவு நேரங்களில் வெளியாட்கள் தொலைபேசி வழியாக உள்ளே வர அனுமதி இருந்தது. முகம் தெரியாதவர்களோடு ராத்திரி விழித்திருக்கும் பழக்கம் அங்கேயே ஆரம்பித்துவிட்டது.

1993 டிசம்பரில் டூம் வந்தது. நான்கு பேர் வரை ஒரே வலையமைப்பில் ஒருவரையொருவர் சுட்டு ஆடலாம். எங்கள் ஊருக்கு இந்தப் பழக்கம் வந்து சேரப் பத்து வருடம் பிடித்தது. 2003 வாக்கில் எங்கள் பள்ளிக்கூடத்துப் பக்கத்தில் ஒரு பிரவுசிங் சென்டர். ஆறு கணினிகள், மணிக்கு 20 ரூபாய், கவுண்டர் ஸ்டிரைக். செத்தால் எழுந்து நின்று எட்டிப் பார்த்து "ஏல, நீதானா?" என்று கேட்டுவிடலாம். ஆறு பேரும் தெரிந்தவர்கள். யார் வீட்டுப் பிள்ளை, எந்தத் தெரு என்பதும் தெரியும். சரியாகச் சொன்னால் அது தனி லாபி.

பெருநகரங்களிலும் வெளிநாடுகளிலும் அப்போது நடுவாந்திரமான ஒன்று இருந்தது: சர்வர் பட்டியல். குவேக் காலத்திலிருந்து வந்த முறை. பட்டியலைப் பார்த்து நாமே ஒரு சர்வரைத் தேர்ந்து உள்ளே போவோம். பிடித்திருந்தால் மறுநாளும் அதற்கே போவோம். அங்கே அதே பெயர்கள் இருக்கும். பேசவே பேசாவிட்டாலும் நாலு நாளில் வாடிக்கையாளராகிவிடுவோம். டீக்கடைக்குத் தினமும் போகிறவர்களுக்கு இது புரியும்.

2004 நவம்பரில் வந்த ஹாலோ 2 இதை மாற்றியது. எந்த வகை ஆட்டம் என்று மட்டும் நாம் சொன்னால் போதும். யாரோடு என்பதை இயந்திரம் முடிவு செய்யும். இதன் வேர் சதுரங்கத்தில் இருக்கிறது. இயற்பியல் பேராசிரியர் ஆர்பாட் எலோ வகுத்த தரப்புள்ளி முறையை உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு 1970ல் ஏற்றுக்கொண்டது. மைக்ரோசாஃப்டின் கேம்பிரிட்ஜ் ஆய்வகம் எக்ஸ்பாக்ஸுக்காக உருவாக்கிய ட்ரூஸ்கில் அதை விரித்தது: ஒவ்வொருவருக்கும் இரண்டு எண்கள். ஒன்று திறமை பற்றிய மதிப்பீடு, மற்றது அந்த மதிப்பீட்டின் மேல் இயந்திரத்துக்கு இருக்கும் சந்தேகம்.

என் தொழில் மென்பொருள் என்பதால் இந்த இடத்தில் கொஞ்சம் நிற்கிறேன். ஜோடி சேர்க்கும் நிரலுக்கு மூன்று கவலைகள். சம திறமையுள்ளவர்கள் வேண்டும். இணைப்புத் தாமதம் குறைவாக இருக்க வேண்டும். ஆளைக் காக்க வைக்கக் கூடாது. மூன்றும் ஒருசேரக் கிடைப்பது அபூர்வம். எனவே முதலில் நெருக்கமான தரத்தில் தேடும். விநாடிகள் ஆக ஆக வலையை அகலமாக வீசும். அப்படியும் ஆள் தேறாவிட்டால் பாட்களைப் போட்டு நிரப்பும். அதாவது ஆள் மாதிரி பெயர் வைத்து ஓடும் நிரல்கள். பப்ஜி மொபைலின் ஆரம்பநிலை ஆட்டங்களில் நாம் சுட்டு வீழ்த்திப் பெருமைப்பட்ட பலரும் இவர்கள்தான்.

காத்திருப்பு குறைந்தது, ஆட்டம் சமமானது. போனது என்னவென்றால், நேற்றுப் பார்த்த ஆளை இன்றும் பார்ப்போம் என்ற நிச்சயம். 2009ல் மாடர்ன் வார்ஃபேர் 2 கணினிப் பதிப்பில் தனி சர்வர்களை எடுத்தபோது ஆட்டக்காரர்கள் கையெழுத்து இயக்கமே நடத்தினார்கள். டீக்கடையை இடித்து பஸ் ஸ்டாண்டு கட்டினால் வரும் கோபம் அது.

எங்கள் ஊர்ப் பையன்களுக்கு இடிக்க டீக்கடையே இருந்ததில்லை. 2016 செப்டம்பரில் ஜியோ வந்தது. 2018 மார்ச்சில் பப்ஜி மொபைல். பிரவுசிங் சென்டரின் ஆறு பேரிலிருந்து நேராக நூறு பேர் தீவுக்கு. 2019 ஜனவரியில் தேர்வு பற்றிய கலந்துரையாடலில் ஒரு தாய் மகனின் ஆன்லைன் விளையாட்டைப் பற்றிக் கவலைப்பட, "பப்ஜிக்காரனா?" என்று பிரதமர் கேட்டார். அதே மார்ச்சில் பப்ஜி ஆடியதற்காக ராஜ்கோட்டில் மாணவர்கள் கைதானார்கள்.

*

கூட்டத்துக்கு நடுவில் தனியாக ஆடுவது ஏதோ நோய் என்று நினைக்கிறவர்கள் உண்டு. 2006ல் நிக்கலஸ் டுஷெனோவும் மற்ற மூவரும் வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் ஆட்டக்காரர்களை ஆராய்ந்து ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். கூடி ஆடவே கட்டப்பட்ட அந்த உலகத்திலும் ஆட்கள் பெரும்பாலும் தனியாகவே சுற்றினார்கள். ஆனால் மற்றவர்கள் வீணாக இல்லை. அவர்கள் பார்வையாளர்களாக இருந்தார்கள், வேடிக்கையாக இருந்தார்கள், பக்கத்தில் ஆள் இருக்கிறது என்ற உணர்வாக இருந்தார்கள்.

இதற்கு நேர் எதிரான வழியும் உண்டு. ஜிடிஏ ஆன்லைன் விளையாட்டில் பல வியாபாரங்களைப் பொது லாபியில் மட்டுமே செய்ய முடியும் என்று விதி இருந்தது. சரக்கு ஏற்றிப் போகிற வண்டியை யாராவது குண்டு வைத்துத் தகர்ப்பார்கள். ஆட்டக்காரர்கள் ஒரு தந்திரம் கண்டுபிடித்தார்கள்: விளையாட்டு நிரலைச் சுமார் பத்து விநாடி உறைய வைப்பது. மற்றவர்களின் கணினிகள் நாம் போய்விட்டதாக நினைக்கும். நம் கணினி அவர்கள் போய்விட்டதாக நினைக்கும். கண் விழித்தால் பொது லாபியில் நாம் மட்டும். 2022 ஜூலையில் அந்த விதி தளர்ந்த பிறகுதான் தந்திரத்துக்குத் தேவை குறைந்தது.

படித்தபோது எனக்கு எங்கள் ஊர்க்காரர்கள் ஞாபகம் வந்தது. சீசனில் பகலில் அருவிப் பக்கம் போக மாட்டார்கள். விடியும் முன் எண்ணெய் தேய்த்துக்கொண்டு போய்க் குளித்துவிட்டு, வெளியூர் வேன்கள் வரும்போது வீட்டில் இட்லி சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள்.

குற்றாலத்தில் இரண்டு வகைக் கூட்டமும் உண்டு. ரசிகமணி டி.கே. சிதம்பரநாத முதலியார் நெல்லையில் தன் வீட்டில் நடத்திய வட்டத்தொட்டி ஒரு வகை. பிற்காலத்தில் அவர் குற்றாலத்துக்கே குடிவந்தார். ராஜாஜியும் கல்கியும் அங்கே அவரிடம் வந்து தங்கினார்கள். ஒருவரையொருவர் அறிந்தவர்களின் அவை. இலக்கியத்தில் அதற்கு இடம் உண்டு, பேசவும் பட்டிருக்கிறது.

மற்றது அருவிக்கடியில் நடக்கும் கூட்டம். அதைப் பற்றி யாரும் கட்டுரை எழுதுவதில்லை. தண்ணீரின் சத்தத்தில் பேச முடியாது. பாறை வழுக்கும், பக்கத்து ஆள் கையைப் பிடிப்பார். "கொஞ்சம் தள்ளிக்கிடுங்க அண்ணாச்சி" என்றால் இடம் கிடைக்கும். தண்ணீர் கூடினால் போலீஸ்காரர் விசில் ஊதுவார், எல்லோரும் கலைய வேண்டும். பிடித்த கை யாருடையது என்று ஒருவரும் கேட்பதில்லை.

கேட்காமல் இருப்பது எங்கள் பக்கத்தில் சின்ன விஷயமில்லை. எங்கள் ஊரில் புதிய ஆளிடம் முதல் கேள்வி "எந்த ஊரு?", இரண்டாவது "எந்தத் தெரு?". இரண்டாவது கேள்வி எதற்கென்று கேட்கிறவருக்கும் தெரியும், பதில் சொல்கிறவருக்கும் தெரியும். அறந்தாங்கிக்காரன் முதல் கேள்வியோடு நிறுத்தினான். இரண்டாவதாகத் தண்ணீரைப் பற்றித்தான் கேட்டான்.

பொது லாபியைச் சொர்க்கமாக்க விரும்பவில்லை. தமிழ்க் குரல் கேட்டதும் 'மதராசி' என்று ஆரம்பித்து இந்தியில் திட்டியவர்கள் உண்டு. என் சித்தி மகள் என்னைவிட நன்றாகச் சுடுவாள். ஒரு நாளும் மைக்கைத் திறந்ததில்லை. பெண் குரல் என்று தெரிந்தால் அப்புறம் ஆட விட மாட்டார்கள் என்பாள். அருவியில் பெண்களுக்குத் தனிப்பகுதி கட்டிக் கொடுத்திருக்கிறார்கள். லாபியில் அவளுக்குக் கிடைத்தது மௌனம்தான்.

*

2020 செப்டம்பர் 2ஆம் தேதி மத்திய அரசு 118 செயலிகளைத் தடை செய்தது. கல்வான் மோதலுக்குப் பின் ஜூன் 29ல் வந்த 59 செயலிகளின் தடையைத் தொடர்ந்து வந்த பட்டியல். பப்ஜி கொரிய நிறுவனத்தின் விளையாட்டு. கைபேசிப் பதிப்பு சீனாவின் டென்சென்ட் கையில் இருந்தது, அது போதுமானதாக இருந்தது. ஏற்கெனவே கைபேசியில் இருந்தவர்களுக்கு அக்டோபர் 30 வரை ஓடியது.

அந்த எட்டு வாரமும் நான் இருவர் அணியில் மைக்கைத் திறந்து வைத்து ஆடினேன். ஒரு இரவில் பத்து ஆட்டம்கூட. அவன் பெயர் ஏதோ குறிகளும் எண்களுமாக இருந்தது. ஐந்து ஆட்டம் சேர்ந்து ஆடியும் எழுத்து எழுத்தாக நினைவில் இல்லை. தொழில்முறைப்படி கணக்கும் போட்டுப் பார்த்தேன். அதே சர்வரில், அதே தரத்தில், அதே நேரத்தில் இருந்தாலும் அவனே திரும்ப வர வாய்ப்பு மிகக் குறைவு. அருவியில் பெயர் கேட்காமல் பிரிவது சரிதான். ஆனால் அருவி அடுத்த வருஷமும் அதே இடத்தில் விழும் என்ற தைரியத்தில் பிரிகிறோம். லாபிக்கு அந்த நிலைத்தன்மை கிடையாது என்பது நிரல் எழுதுகிற எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். அந்தக் குறியை அழுத்தியிருக்கலாம்.

தடை எங்களுக்குத்தான். துபாயில் அவன் தொடர்ந்து ஆடியிருப்பான். ஆசியா சர்வரில் திடீரென்று ஒரு நாள் தமிழ்க் குரல்கள் குறைந்துபோனதை அவன் கவனித்திருப்பான்.

2021 ஜூலை 2ல் அதே விளையாட்டு பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா என்ற பெயரில் திரும்பி வந்தது. பழைய கணக்கை மாற்றிக்கொண்டு, பெயரை 'குத்தாலம்' என்று வைத்தேன். இதுவரைக்கும் மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். ஒருவன் சேலம், ஒருவன் ஓசூர், ஒருவன் ஊர் சொல்லவில்லை. மூவரும் கேட்டது ஒரே கேள்வி: தண்ணி விழுதா?

விழுது என்றேன், விழுந்த நாட்களில்.

இந்தப் புதிய விளையாட்டு இந்தியாவுக்குள் இருப்பவர்களுக்கு மட்டுமானது. துபாயிலிருந்து யாரும் இதில் வந்து சேர முடியாது. அது எனக்குத் தெரியும். பெயரை மட்டும் இன்னும் மாற்றவில்லை.