ஷிரகாவா-கோ கூரை வீடுகள்

ஷிரகாவா-கோ ஜப்பானின் கிஃபு மாநிலத்தில், ஷோ ஆற்றுப் பள்ளத்தாக்கில் உள்ள மலைப்பகுதி. புல் வேய்ந்த பெரிய மரவீடுகளுக்குப் பெயர் பெற்றது. இவ்வீடுகளைக் 'கஷ்ஷோ-சுகுரி' என்பர். கஷ்ஷோ என்றால் கும்பிட்ட கைகள். ஏறக்குறைய 60 பாகைச் சரிவில் எழும் கூரையைப் பார்த்தால் பெயரின் பொருத்தம் தெரியும். கொட்டும் பனி வழுக்கி விழ வேண்டுமே!

கீழ்த்தளம் தச்சர் வேலை. கூரை ஊரார் வேலை. கூரைச் சட்டத்தில் ஆணி கிடையாது. வைக்கோல் கயிற்றாலும், 'நெசோ' எனப்படும் வளைந்துகொடுக்கும் இளமரக் கம்பாலும் இறுக்கிக் கட்டுவார்கள். காற்றடித்தால் கூரை சற்று அசைந்து கொடுக்கும். பரண்களில் பட்டுப்புழு வளர்த்தார்கள். நடுக்கூடத்து அடுப்பின் புகை மேலேறி, புல்லையும் கயிற்றையும் பூச்சி அரிக்காமல் காத்தது.

30, 40 ஆண்டுகளுக்கு ஒருமுறை கூரையை மாற்றியாக வேண்டும். ஒரு குடும்பத்தால் ஆகிற காரியமல்ல. நூற்றுக்கு மேற்பட்டோர் கூடி ஓரிரு நாளில் ஒரு பக்கத்தை வேய்ந்து முடிப்பார்கள். இந்த உழைப்புப் பரிமாற்றத்துக்கு 'யுய்' என்று பெயர். யார் வீட்டிலிருந்து எத்தனை ஆள், எவ்வளவு புல், எவ்வளவு கயிறு என்று ஏட்டில் குறித்துவைத்து, அந்த வீட்டின் முறை வரும்போது திருப்பிச் செய்வார்கள். நம்மூர் மொய் நோட்டேதான். பணத்தின் இடத்தில் உழைப்பு.

இருபதாம் நூற்றாண்டின் நடுவில் அணைகள் வந்தன, சில ஊர்கள் நீருக்குள் போயின. இளைஞர்கள் வெளியேறினார்கள். வீடுகள் விலைக்குப் போய், பிரித்து வேறிடங்களுக்கு எடுத்துச் செல்லப்பட்டன. 1971-இல் ஷிரகாவா-கோவிலுள்ள ஒகிமாச்சி ஊரார் சங்கம் அமைத்து மூன்று கட்டுப்பாடுகள் விதித்துக்கொண்டார்கள்: விற்பதில்லை, வாடகைக்கு விடுவதில்லை, இடிப்பதில்லை. அரசு ஒகிமாச்சியைப் பாதுகாக்கப்பட்ட பகுதியாக ஏற்றது 1976-இல்தான். 1995-இல், அண்டையிலுள்ள கொகயாமாவின் அய்னோகுரா, சுகனுமா ஊர்களுடன் சேர்த்து யுனெஸ்கோ உலக மரபிடமாக அறிவித்தது.

ஊரில் ஆள் குறைந்துவிட்டதால் இன்று பெரும்பாலான கூரைகளை அரசு மானியத்துடன் தொழில்முறை வேய்வோர் மாற்றுகிறார்கள். யுய் சில வீடுகளோடு நிற்கிறது. ஆனால் தீக்காவல் ஊரார் பொறுப்பிலேயே இருக்கிறது. புல்கூரைக்கு ஒரு பொறி போதும். ஆண்டுதோறும் இலையுதிர்காலத்தில் ஒகிமாச்சியின் நீர்பீச்சிகளை எல்லாம் ஒரே நேரத்தில் திறந்து, ஊரையே நனைத்துச் சோதித்துப் பார்க்கிறார்கள்.